6 நிமிடப் பாட வீடியோ 450 எம்.பி. வருகிறது, சுருக்கினால் எழுத்து அழிகிறது. என்ன செய்யலாம்?

எண்கோடு:
வகுப்புக்கு வர முடியாத தூரத்தில் இருக்கும் 8ஆம் வகுப்பு மாணவர்களுக்குக் கணக்குப் பாடத்தை வீடியோவாக அனுப்ப வேண்டும். அவர்களிடம் இருப்பது பெரும்பாலும் பழைய ஆண்ட்ராய்டு போன். டேட்டா குறைவு, சிக்னல் வந்து வந்து போகும்.

ஏ4 தாளைப் படுக்கவாட்டில் வைத்து, எழுத எழுத மேலிருந்து மொபைலில் பதிவு செய்கிறேன். 1080பி, நொடிக்கு 30 பிரேம் (படம்). 6 நிமிடத்துக்கு 450 எம்.பி. மொபைல் ஆப் ஒன்றில் சுருக்கினால் 40 எம்.பி. ஆகிறது. அதிலும் நான்கு சிக்கல்:

1. வாட்ஸ்அப்பில் போனதும் எழுத்து மங்குகிறது. ஒற்றுப்புள்ளி, தசமப்புள்ளி இரண்டும் மாயம். 3.5 என்பது 35 ஆகத் தெரிகிறது.
2. மெமரி கார்டில் போட்டுக் கொடுத்தால் சில போன்களில் குரல் மட்டும் வருகிறது, படம் கறுப்பு.
3. தொகுத்த வீடியோவில் கடைசி நிமிடத்துக்குள் கை முன்னே எழுதிப் போய்விடுகிறது, பேச்சு பின்னால் வருகிறது.
4. சர்வரில் ஏற்றி இணைப்பு கொடுத்தால், முழுக் கோப்பும் இறங்கிய பிறகே ஓடத் தொடங்குகிறது.

கணினி இருக்கிறது. இலவச மென்பொருள் போதும். 6 நிமிடம் 6 எம்.பி.க்குள் வருமா?

கோடுபோட்டநோட்டு:
வரும். கணக்கு இதுதான்: 6 எம்.பி. என்றால் 48,000 கிலோபிட். 360 நொடியால் வகுத்தால் நொடிக்கு 133 கிலோபிட். குரலுக்கு 48 போனால் படத்துக்கு 85 மிஞ்சும். அசையாத தாளில் ஒரு கை மட்டும் எழுதும் காட்சிக்கு 85 போதும். ஆடும் கேமராவுக்கும் மங்கல் வெளிச்சத்துக்கும் 300 கொடுத்தாலும் போதாது.

காரணம், எச்.264 என்ற வீடியோ சுருக்கும் முறை ஒவ்வொரு பிரேமையும் முழுதாகச் சேமிப்பதில்லை. பெரும்பாலும் முந்தைய பிரேமிலிருந்து மாறியதை மட்டுமே எழுதுகிறது. வெளிச்சம் குறைந்தால் படத்தில் பொரிபொரியாகப் புள்ளிகள் ஊறும். அவை பிரேமுக்குப் பிரேம் வேறு இடத்தில் இருப்பதால் எல்லாமே 'மாற்றம்' ஆகிவிடும். பிட்டெல்லாம் அந்தப் பொரிக்குப் போய், எழுத்துக்கு ஒன்றும் மிஞ்சாது. ஆட்டோ எக்ஸ்போஷரும் இதே வேலையைச் செய்கிறது. கை உள்ளே வந்ததும் தாள் முழுதும் ஒரு படி பளிச்சென்று ஆகும், கை விலகியதும் மங்கும். ஒவ்வொரு முறையும் படம் முழுவதையும் புதிதாக எழுத வேண்டியிருக்கும்.

அதனால் மொபைலை ஸ்டாண்டில் பூட்டுங்கள். ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழட்டும். எழுதும் கைக்கு எதிர்ப்பக்கம் ஜன்னல் இருந்தால் நிழல் எழுத்தின் மேல் விழாது. கையைத் தாளின் மேல் வைத்தபடி, திரையில் அழுத்திப் பிடித்து போகஸ், எக்ஸ்போஷர் இரண்டையும் லாக் செய்யுங்கள். பூப்போட்ட மேசைவிரிப்பு வேண்டாம். மின்விசிறி தாளின் ஓரத்தைத் தூக்கினால் அதற்கும் பிட் செலவுதான்.

மைப்புள்ளி:
முதல் சிக்கலுக்கு ஆப்பைக் குறை சொல்லிப் பயனில்லை, தாள்தான் பெரிது. கோப்பைச் சிறிதாக்கப் படத்தை 640×360 பிக்சலுக்கு இறக்கினால், ஏ4 தாளின் 21 செ.மீ. உயரம் 360 வரிகளில் அடங்கும், 1 செ.மீ.க்கு 17 பிக்சல் வரும். 5 மி.மீ. உயர எழுத்துக்கு எட்டரை பிக்சல். 0.5 மி.மீ. பேனாக் கோடு ஒரு பிக்சல்கூட வராது. தசமப்புள்ளி எப்படித் தெரியும்?

தாளில் பென்சிலால் 16 செ.மீ. × 9 செ.மீ. கட்டம் வரையுங்கள். அந்தக் கட்டம் மட்டும் திரையை நிரப்பும் உயரத்தில் மொபைலை வையுங்கள். இப்போது 640 பிக்சல் அகலம் 16 செ.மீ.க்குப் பரவுகிறது, அதாவது 1 செ.மீ.க்கு 40 பிக்சல். 7 மி.மீ. உயரத்தில் எழுதினால் 28 பிக்சல். 1 மி.மீ. ஸ்கெட்ச் பேனாக் கோடு 4 பிக்சல். புள்ளியைத் தட்டிவிட்டுப் போகாமல் சிறு வட்டமாக நிரப்புங்கள். 'கி', 'கீ' வேறுபாடும் தெரியும், 3.5உம் தெரியும். ஒரு கட்டத்தில் ஐந்து வரிக்கு மேல் எழுத முடியாது. அதுவும் நல்லதுதான், தாள் மாற்றும் இடத்தில் வீடியோவை வெட்டிக்கொள்ளலாம்.

சிவப்புப் பேனாவைத் தவிருங்கள். இந்த வீடியோ வகையில் நிறத்தை அகலத்திலும் உயரத்திலும் பாதி அளவில்தான் சேமிப்பார்கள். 640×360 படத்தில் நிறத்துக்குக் கிடைப்பது 320×180. மெல்லிய சிவப்புக் கோடு அழுக்குப் பட்டையாக மாறும். கறுப்பு அல்லது அடர்நீலத்தில் எழுதுங்கள். நிறம் கட்டாயம் என்றால் தடித்த மார்க்கர்.

திரைக்கதவு:
மற்ற மூன்றுக்கும் ஹேண்ட்பிரேக் என்ற இலவச வீடியோ மாற்றும் மென்பொருள் போதும்.

குரல் மட்டும் வருவதற்குக் காரணம் கேமரா எச்.264க்கு அடுத்து வந்த எச்.265 முறையில் பதிவு செய்வது. உங்கள் ஆப்பும் அதை அப்படியே விட்டிருக்கும். பழைய போனில் அதைப் பிரிக்கும் வசதி இல்லை. குரல் ஏஏசி என்ற பரவலான ஒலி வடிவம் என்பதால் அது மட்டும் ஓடுகிறது. கேமரா அமைப்பில் 'ஹை எபிஷியன்சி' என்று இருப்பதை அணைத்துவிடுங்கள். 720பி, 30 பிரேமில் பதிவு செய்தால் போதும். 360க்கு இறக்கும்போது சரிபாதி ஆகும்.

பேச்சு விலகுவது, மொபைல் பிரேம் வேகத்தைக் கூட்டிக் குறைத்துப் பதிவு செய்வதால். வெளிச்சம் குறைந்தால் 30 என்பது 24க்கு இறங்கும். தொகுப்பு மென்பொருள் எல்லாம் 30 என்றே நம்பி அடுக்கும். எனவே தொகுப்பதற்கு முன்னால் ஒருமுறை ஹேண்ட்பிரேக்கில் 30 பிரேம், 'கான்ஸ்டன்ட் பிரேம்ரேட்' (மாறாத பிரேம் வேகம்), தரம் ஆர்எப் 18 வைத்து மாற்றிக்கொள்ளுங்கள். பிறகு வெட்டி ஒட்டுங்கள். வெட்டிய பிறகு மாற்றினால் விலகல் அப்படியே தங்கிவிடும்.

கடைசி ஏற்றுமதிக்கு: எம்பி4, எச்.264, 640×360, 15 பிரேம் கான்ஸ்டன்ட், ஆர்எப் 27, பிரிசெட் 'ஸ்லோ', புரொபைல் 'பேஸ்லைன்' (பழைய போனிலும் ஓடும் எளிய வகை), லெவல் 3.0. ஒலி ஏஏசி, மோனோ, 48 கிலோபிட். 'வெப் ஆப்டிமைஸ்டு' டிக் செய்யுங்கள். நான்காவது சிக்கல் அதில் தீரும். எம்பி4 கோப்பின் அட்டவணை வழக்கமாகக் கடைசியில் இருக்கும். அது கைக்கு வரும்வரை பிளேயர் காத்திருக்கும். இந்த டிக் அதை முன்னால் கொண்டுவருகிறது.

ஆர்எப் எண் கூடினால் தரம் குறையும். 6 கூட்டினால் கோப்பு ஏறக்குறைய பாதியாகும். 24இலிருந்து 30க்குள் ஒரு நிமிடத் துண்டை ஏற்றுமதி செய்து பார்த்து முடிவு செய்யுங்கள்.

கோடுபோட்டநோட்டு:
பேஸ்லைன் தேவையா? அதில் பி-பிரேமும் இல்லை, கபாக்கும் இல்லை (இரண்டும் கோப்பைக் கூடுதலாகச் சுருக்கும் உத்திகள்). அதே தரத்துக்குக் கோப்பு பெரிதாகும். அவை இரண்டும் உள்ள 'மெயின்' புரொபைலை 360பி அளவில் ஆண்ட்ராய்டு போன்கள் பெரும்பாலும் சுலபமாக ஓட்டும். மெயினில் தொடங்கி, ஓடாத போன் உண்டென்று தெரிந்தால் மட்டும் பேஸ்லைனுக்கு இறங்கலாம்.

திரைக்கதவு:
ஏற்கிறேன். மெயினே வைக்கட்டும். 15 பிரேமை மட்டும் குறைக்க வேண்டாம். வெறும் ஸ்லைடு என்றால் 5 போதும், எழுதும் கைக்கு 10 வைத்தால் பேனா தாவித் தாவிப் போகும்.

மைப்புள்ளி:
வாட்ஸ்அப்பில் 'வீடியோ'வாக அனுப்பினால் அது தன் பங்குக்கு மறுபடி சுருக்கும். 'டாக்குமென்ட்' வழியாக அனுப்புங்கள், கோப்பு அப்படியே போகும். ஒலியையும் கவனியுங்கள். இயர்போன் மைக் வாயிலிருந்து ஒரு சாண் தூரத்தில், சற்றுப் பக்கவாட்டில் இருக்கட்டும். ஆடாசிட்டி என்ற இலவச ஒலித் தொகுப்பு மென்பொருளில் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டி, லவுட்னஸ் −16 எல்யூஎப்எஸ் (ஒலி உரப்பின் அளவு) வையுங்கள். போன் ஸ்பீக்கரில் தாழ்ந்த குரல் கேட்கவே கேட்காது. படம் மங்கினால் மாணவர் கண்ணைச் சுருக்கிப் பார்ப்பார், குரல் கேட்காவிட்டால் மூடிவிடுவார்.

எண்கோடு:
நன்றி. 6 நிமிடத்தை மூன்றாக வெட்டினேன். முதல் துண்டு 2 நிமிடம் 10 நொடி, 2.3 எம்.பி. புள்ளி தெளிவாகத் தெரிகிறது, பேச்சும் ஒத்துப்போகிறது, கறுப்புத் திரை இல்லை. ஒரே ஒரு பழைய போனில் மட்டும் படத்தின் அடியில் மெல்லிய பச்சைக் கோடு.

திரைக்கதவு:
எச்.264 படத்தை 16×16 கட்டங்களாகப் பிரிக்கும். 360 பதினாறால் வகுபடாது. உள்ளே 368ஆகச் சேமித்து, மிச்ச 8 வரியை மறைக்கச் சொல்லிக் குறிப்பு வைக்கும். அந்தப் போன் குறிப்பை மதிக்கவில்லை. 720பி மூலத்தில் மேலே 8, கீழே 8 வரி கிராப் செய்து 640×352 ஆக ஏற்றுமதி செய்யுங்கள். 352 என்பது 16×22, கோடு போய்விடும். பென்சில் கட்டத்தின் மேல் கீழ் விளிம்பில் 2 மி.மீ. இடம் விட்டு எழுதினால் எழுத்து எதுவும் வெட்டுப்படாது.