வேர்க்கிளம்பி வீட்டார் குழு: விஜினின் கண்ணும் ஞாயிற்றுக்கிழமைப் புதுவீட்டுப் பால்காய்ச்சும்

திங்கள், காலை 6:41

மார்த்தாண்டம் சித்தி: நேற்றுச் சந்தையில் ஒருத்தி என்னை நிறுத்தி, "உங்கள் அக்கா மகனுக்குக் கண் போய்விட்டதாமே" என்று கேட்டாள். மீன் வாங்க நின்ற நான் வெறும் கூடையோடு திரும்பி வந்தேன். ஊருக்கெல்லாம் தெரிந்த பிறகுதான் எனக்குத் தெரிய வேண்டுமா?

சுரேஷ் (கத்தார்): எந்த அக்கா மகன்?

மார்த்தாண்டம் சித்தி: எனக்கு எத்தனை அக்கா இருக்கிறார்கள்?

தக்கலை மாமா: யாருக்கும் கண் போகவில்லை. வதந்தியை இங்கே கொண்டுவந்து கொட்ட வேண்டாம். இந்தக் குழுவில் முழு வாக்கியமாக எழுத வேண்டும் என்பதையும் சுரேஷுக்கு மறுபடி நினைவூட்டுகிறேன்.

சுரேஷ் (கத்தார்): சரி, எந்த அக்கா மகன் என்று நான் கேட்கிறேன், மாமா.

விஜின்: நான்தான் சித்தி. கண் இரண்டும் இருக்கின்றன. நான் சொல்லச் சொல்லக் கைப்பேசிதான் இதை எழுதுகிறது, எனவே பிழை இருந்தால் மாமா அதைத் திட்டட்டும். கண்ணாடியைக் கழற்றுவதற்காகச் செய்த லேசர் அறுவை முடிந்து இன்று பத்தாவது நாள். காலையில் ஓரளவு தெளிவாக இருக்கிறது. மாலையானால் எதிரில் வரும் வண்டியின் விளக்கைச் சுற்றி வட்டம் தெரிகிறது, எழுத்துகள் நிழலோடு இரண்டிரண்டாகத் தெரிகின்றன. வலது மண் பரவாயில்லை. இடது மண்தான் ஆவி படிந்த கண்ணாடி வழியாகப் பார்ப்பது போல் இருக்கிறது.

சுரேஷ் (கத்தார்): வலது மண்ணில்தானே வீடு கட்டியிருக்கிறாய்?

விஜின்: கண். கண். கண்.

குளச்சல் ஷைனி மதினி: எனக்கு 2011இல் செய்தார்கள். மறுநாள் காலையிலேயே பேருந்துப் பலகையில் "திங்கள்நகர்" என்பதைத் தூரத்திலிருந்து வாசித்தேன். பத்து நாள் ஆகியும் மங்குகிறது என்றால் எனக்கென்னவோ சரியாகப் படவில்லை.

லீலா (விஜின் அம்மா): அதைத்தான் நானும் இரவெல்லாம் நினைத்துக்கொண்டு கிடந்தேன். வரவேற்பு மேசையில் இருந்த பெண் "இரண்டே நாளில் வேலைக்குப் போகலாம்" என்று சிரித்துக்கொண்டே சொன்னாள். அதை நம்பி இவன் மூன்று நாள்தான் விடுப்பு எடுத்தான்.

சுரேஷ் (கத்தார்): பணத்தைத் திருப்பிக் கேளுங்கள்.

தக்கலை மாமா: ஷைனிக்குச் செய்தது வேறு, விஜினுக்குச் செய்தது வேறு. இரண்டையும் ஒரே தராசில் வைப்பதால்தான் இத்தனை கலக்கமும். ஷைனிக்குச் செய்தது லேசிக். அதில் கருவிழியின் மேற்பரப்பில் ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு கனத்தில் ஒரு மூடியை அறுத்துத் திறந்து, உள்ளே லேசரால் செதுக்கிவிட்டு, மூடியை மறுபடி பொருத்திவிடுவார்கள். மேல்தோல் அப்படியே இருப்பதால் மறுநாளே பார்வை தெளிகிறது. விஜினின் கருவிழி சற்று மெல்லியது என்பதால் மூடி அறுக்காமல் பி.ஆர்.கே. என்ற பழைய முறையில் செய்தார்கள். அதில் மேல்தோலை முழுவதும் நீக்கிவிட்டு, அடியிலுள்ள பரப்பைச் செதுக்குவார்கள். தோல் புதிதாக வளர்ந்து மூட வேண்டும். அதற்காகத்தான் ஐந்து நாள் பேண்டேஜ் லென்ஸ் என்ற காப்பு லென்ஸைக் கண்ணின் மேல் வைத்திருந்தார்கள். தோல் மூடிவிட்டாலும் அது வழவழப்பாக வாரக்கணக்கில் ஆகும். பார்வை நிலைப்படப் பலருக்கு ஒன்று முதல் மூன்று மாதம் ஆகிறது.

மார்த்தாண்டம் சித்தி: தோலை உரித்து, லேசரால் பொசுக்கிவிட்டார்களா? என் ஆண்டவரே.

தக்கலை மாமா: பொசுக்கவில்லை. நான் முப்பது ஆண்டுகள் வேதியியல் நடத்தியவன், இந்த ஒரு சொல்லை மட்டும் விட்டுவிட முடியாது. இது எக்சைமர் லேசர், 193 நானோமீட்டர் புறஊதாக் கதிர். அது திசுவைச் சுடுவதில்லை. மூலக்கூறுகளின் பிணைப்பை முறித்து, அந்த அடுக்கை மட்டும் ஆவியாக்கி நீக்குகிறது, பக்கத்தில் இருப்பது கருகுவதில்லை. இதைக் கண்டறிந்தவர்களில் ஒருவர் நம்முடைய சென்னையில் 1929இல் பிறந்து, சென்னைப் பல்கலைக்கழகத்தில் வேதியியல் படித்த ரங்கசாமி சீனிவாசன். 1981இல் அமெரிக்காவில் ஐ.பி.எம். ஆய்வகத்தில் அவரும் அவருடைய கூட்டாளிகளும், பண்டிகை விருந்தில் மிஞ்சிய வான்கோழிக் கறித்துண்டின் மேல் இந்தக் கதிரைப் பாய்ச்சிப் பார்த்தார்கள். வெட்டு சுத்தமாக இருந்தது. 2013இல் அதிபர் ஒபாமாவின் கையால் பதக்கம் வாங்கினார்.

சுரேஷ் (கத்தார்): ஞாயிற்றுக்கிழமை வான்கோழி உண்டா?

குளச்சல் ஷைனி மதினி: பால்காய்ச்சன்று சைவமா அசைவமா என்பதே இன்னும் முடிவாகவில்லை. சமையல்காரர் மூன்று முறை கேட்டுவிட்டார்.

மார்த்தாண்டம் சித்தி: சைவம் என்றால் எங்கள் வீட்டுக்காரர் வரமாட்டார். அசைவம் என்றாலும் வருவாரா என்பது வேறு விஷயம்.

தக்கலை மாமா: மதில் பிரச்சினையை இங்கே இழுக்க வேண்டாம்.

மார்த்தாண்டம் சித்தி: நான் மதில் என்ற சொல்லையே சொல்லவில்லையே, அண்ணன்தான் சொன்னீர்கள்.

காலை 8:20

அனிஷா: இரவுப் பணி முடிந்து இப்போதுதான் பார்க்கிறேன். மாமா சொன்னது சரிதான், ஆனால் "எல்லாம் தானாகச் சரியாகும்" என்று உட்கார்ந்துவிடக் கூடாது. அண்ணா, நான்கு கேள்வி, ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பதில் சொல். ஒன்று, வலி கூடிக்கொண்டே வருகிறதா? இரண்டு, சிவப்பு கூடுகிறதா? மூன்று, பீளையோ சீழோ வருகிறதா? நான்கு, நேற்று தெரிந்த அளவுகூட இன்று தெரியவில்லையா?

விஜின்: வலி இல்லை, மணல் விழுந்தது போல உறுத்தல்தான். பீளை இல்லை. சனிக்கிழமை மாலை வரை இடது கண்ணும் மெதுவாகத் தெளிந்துகொண்டுதான் வந்தது, ஞாயிறு காலை எழுந்தபோது சிவந்து மங்கியிருந்தது. அதன் பிறகு அப்படியே நிற்கிறது.

அனிஷா: ஸ்டீராய்டு சொட்டு மருந்து எத்தனை வேளை போடுகிறாய்?

விஜின்: அட்டவணையில் உள்ளபடி நான்கு வேளை. செயற்கைக் கண்ணீரை மட்டும் நினைவு வரும்போது.

அனிஷா: அதை நினைவு வரும்போது போடக் கூடாது, மணிக்கு ஒரு முறைகூடப் போடலாம். கருவிழியின் மேற்பரப்பு நரம்புகள் இந்த அறுவையில் துண்டிக்கப்படுகின்றன. அவை மறுபடி வளர மாதக்கணக்கில் ஆகும், அதுவரை கண் வறண்டிருப்பதே உனக்குச் சரியாக உறைக்காது. நீயோ கணினித் திரையை உற்றுப் பார்த்துக்கொண்டு இமைக்கவே மறந்துவிடுகிறாய். ஸ்டீராய்டை நீயாக நிறுத்தவும் கூடாது, தீர்ந்ததும் மருந்துக் கடையில் வாங்கித் தொடரவும் கூடாது. அதிக நாள் போட்டால் கண் அழுத்தம் ஏறிவிடும். கண்ணைக் கசக்கினாயா? இரவில் கண்கவசம் போட்டுத்தானே தூங்குகிறாய்?

விஜின்: போட்டுத்தான் தூங்குகிறேன். அம்மாதான் தினமும் ஒட்டிவிடுகிறார்.

லீலா (விஜின் அம்மா): இந்தச் செய்தி நீக்கப்பட்டது

சுரேஷ் (கத்தார்): நான் வாசித்துவிட்டேன்.

குளச்சல் ஷைனி மதினி: நானும் வாசித்துவிட்டேன், அத்தை.

அனிஷா: நான் வாசிக்கவில்லை. என்ன எழுதினீர்கள், அம்மா?

லீலா (விஜின் அம்மா): சனிக்கிழமை இரவு அவன் அரைத்தூக்கத்தில் இருந்தபோது இடது கண்ணில் ஒரே ஒரு சொட்டு இளநீர்க்குழம்பு என்ற ஆயுர்வேதக் கண்மருந்தை விட்டேன். வைத்தியசாலையில் வாங்கிய நல்ல குழம்பு. எங்கள் அம்மா எனக்கு விட்டிருக்கிறார், நானும் உங்கள் இருவருக்கும் சிறு வயதில் விட்டிருக்கிறேன். குளிர்ச்சியாக இருக்கட்டும் என்றுதான் விட்டேன். எரிகிறது என்று அவன் துள்ளி எழுந்ததும் எனக்கு உயிரே போய்விட்டது. யாரிடமும் சொல்லவில்லை.

விஜின்: அம்மா, அது செயற்கைக் கண்ணீர் என்றல்லவா சொன்னீர்கள்?

அனிஷா: அதில் கற்பூரமும் தேனும் சேர்ந்திருக்கிறது அம்மா. தோல் மூடி மூன்று நாள்கூட ஆகாத கண். நான் உங்களிடம் கோபப்படவில்லை, ஆனால் அடுத்த பரிசோதனை ஒரு மாதம் கழித்துத்தானே என்று காத்திருக்க முடியாது. இன்றே திருவனந்தபுரம் போய்க் காட்ட வேண்டும், குழம்பு விட்டதை மறைக்காமல் சொல்ல வேண்டும், அந்தக் குப்பியையும் கையோடு கொண்டுபோக வேண்டும்.

தக்கலை மாமா: மிகச் சரி.

மார்த்தாண்டம் சித்தி: நான் நந்தியாவட்டைப் பூ வைத்துக் கட்டலாம் என்று சொல்ல வந்தேன். இப்போது சொல்லவில்லை.

சுரேஷ் (கத்தார்): சொல்லிவிட்டீர்கள், சித்தி.

காலை 8:55

அனிஷா: யார் அழைத்துப் போவது? அண்ணன் வண்டி ஓட்டக் கூடாது. பேருந்தில் சன்னலோரம் காற்றில் உட்கார்ந்தும் போகக் கூடாது.

தக்கலை மாமா: என் வண்டி பணிமனையில் கிடக்கிறது. வாடகைக் காருக்குச் சொல்லட்டுமா?

மார்த்தாண்டம் சித்தி: எங்கள் வீட்டில் கார் நிற்கிறது. ஓட்டுகிறவர் உங்கள் வீட்டு வாசலை மிதித்து ஒன்றரை வருடம் ஆகிறது என்பது எல்லாருக்கும் தெரியும். நான் இதில் எதுவும் சொல்வதற்கில்லை.

குளச்சல் ஷைனி மதினி: இந்த நேரத்திலாவது அந்தப் பேச்சை விடலாமே. பேச்சோடு பேச்சாக மாமாவிடம் ஒரு கேள்வி. எனக்கு இப்போது நாற்பத்தொன்று ஆகிறது. கைப்பேசியைக் கையை நீட்டிப் பிடித்தால்தான் எழுத்து தெரிகிறது. அன்று செய்த அறுவை கெட்டுப்போய்விட்டதா?

தக்கலை மாமா: அது வெள்ளெழுத்து, ஷைனி. நாற்பதைத் தாண்டினால் கண்ணுக்குள் இருக்கும் லென்ஸ் இறுகி, அருகில் உள்ளதைப் பிடிக்காது. கருவிழியில் செய்த அறுவை அதைத் தடுக்காது, கெடுக்கவும் செய்யாது. வாசிக்க ஒரு கண்ணாடி போட்டுக்கொள். உன் பழைய அறுவைக் குறிப்புகளை மட்டும் தூக்கி எறிந்துவிடாதே. பின்னாளில் கண்புரைக்குச் செய்யும்போது உள்ளே வைக்கும் லென்ஸின் பவரைக் கணக்கிட அவை வேண்டிவரும்.

சுரேஷ் (கத்தார்): மாமாவின் கண்புரைக் கதையைச் சொல்லட்டுமா?

தக்கலை மாமா: வேண்டாம்.

சுரேஷ் (கத்தார்): கட்டைப் பிரித்ததும் மாமியை ஏற இறங்கப் பார்த்து, "உனக்கு எப்போது இவ்வளவு நரைத்தது?" என்று மாமா கேட்டார். மாமி இரண்டு நாள் காப்பி கொடுக்கவில்லை. முழு வாக்கியங்களாகவே எழுதியிருக்கிறேன்.

லீலா (விஜின் அம்மா): வாசலில் ஹாரன் சத்தம் கேட்கிறது. மார்த்தாண்டத்துக் கார் நிற்கிறது.

மார்த்தாண்டம் சித்தி: அவர் எதுவும் சொல்லாமல்தான் புறப்பட்டார். நீங்களும் எதுவும் கேட்காதீர்கள். மதிலைப் பற்றி யாரும் வாயைத் திறக்க வேண்டாம்.

பிற்பகல் 3:32

விஜின்: பார்த்தாகிவிட்டது. கண்ணில் மஞ்சள் சாயம் விட்டு, நீல ஒளியில் பார்த்தார்கள். தோல் முழுவதும் மூடியிருக்கிறதாம், தொற்று எதுவும் இல்லையாம். ஓரத்திலிருந்து வளர்ந்துவந்த தோல் நடுவில் வந்து கூடிய இடத்தில் மெல்லிய மேடு போல ஒரு கோடு நிற்கிறது. அது சரியாகப் பார்வையின் நடுவில் விழுவதால்தான் மங்கலும் நிழலெழுத்தும். குழம்பினால் மேல்பரப்பு எரிச்சல் அடைந்து, வறட்சியும் கூடியிருக்கிறது. வலது கண்ணில் 6/9, இடது கண்ணில் 6/18 வரை வாசித்தேன். அதாவது நல்ல கண் 9 மீட்டரிலிருந்து வாசிப்பதை வலது கண்ணும், 18 மீட்டரிலிருந்து வாசிப்பதை இடது கண்ணும் 6 மீட்டரில்தான் வாசிக்கின்றன. கோடு தானாகவே சமப்படும் என்று மருத்துவர் சொன்னார். அம்மாவைத் திட்டவில்லை. குப்பியை மட்டும் வாங்கி மோந்து பார்த்துவிட்டு, "வாசனை நன்றாக இருக்கிறது, கண்ணில் விட வேண்டாம்" என்றார்.

லீலா (விஜின் அம்மா): இனி அந்தப் பக்கமே போகமாட்டேன்.

அனிஷா: மீண்டும் எப்போது வரச் சொன்னார்கள்?

விஜின்: வெள்ளிக்கிழமை. அதற்குள் வலியோ சிவப்போ கூடினால் உடனே வர வேண்டுமாம். வெயிலில் இறங்கினால் கருப்புக் கண்ணாடி கட்டாயம், இல்லாவிட்டால் கருவிழியில் வெண்படலம் விழக்கூடும் என்றார்கள். ஒரு மாதத்துக்குக் கடல் குளிப்பு இல்லை, குளமும் இல்லை.

மார்த்தாண்டம் சித்தி: அவர் ஏதாவது பேசினாரா?

விஜின்: போகும்போது ஒரு வார்த்தைகூட இல்லை. திரும்பும்போது களியக்காவிளையில் தேநீர் வாங்கிக் கொடுத்தார். முன்னால் நின்ற பேருந்தைக் காட்டி, அதன் எண்ணை வாசிக்கச் சொன்னார். வலது கண்ணால் வாசித்தேன். வலது கண்ணைப் பொத்திக்கொண்டு வாசி என்றார். கடைசி இரண்டு எண்களில் ஒன்று எட்டா மூன்றா என்று தெரியவில்லை. "வெள்ளிக்கிழமை திரும்பவும் வாசிக்கலாம்" என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்தார்.

மாலை 6:10

தக்கலை மாமா: பால்காய்ச்சுக்கு வருவோம். வீட்டுக்காரன் என்ற முறையில் அடுப்பின் முன் விஜின்தான் நிற்க வேண்டும். விறகுப் புகை அந்தக் கண்ணுக்கு ஆகாது. எரிவாயு அடுப்பில் வைத்தால் என்ன?

லீலா (விஜின் அம்மா): புது வீட்டில் முதல் அடுப்பு விறகடுப்பாகத்தான் இருக்க வேண்டும். நான் ஊதிப் பற்ற வைக்கிறேன். பால் பொங்கும் நேரத்துக்கு மட்டும் அவன் வந்து நிற்கட்டும்.

அனிஷா: பொங்கும் நேரத்தில்தான் புகை அதிகம், அம்மா.

குளச்சல் ஷைனி மதினி: நீச்சல்காரர்கள் போடும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நிற்கச் சொல்லுங்கள்.

சுரேஷ் (கத்தார்): படம் அனுப்புங்கள்.

தக்கலை மாமா: இதை வெள்ளிக்கிழமை மருத்துவரிடமே கேட்டுக்கொள்ளலாம். அடுத்தது, பாட்டியை ஆரல்வாய்மொழியிலிருந்து யார் அழைத்து வருவது? வழக்கமாக விஜின்தான் போவான்.

அனிஷா: அண்ணன் போகக் கூடாது. அந்தக் கணவாய்க் காற்றிலும் புழுதியிலும் நல்ல கண்ணே கலங்கும்.

மார்த்தாண்டம் சித்தி: எங்கள் கார் இருக்கிறது. ஆனால் சாப்பாடு சைவமா அசைவமா என்று முதலில் சொல்லுங்கள்.

சுரேஷ் (கத்தார்): நான் கத்தாரில் இருக்கிறேன்.