நிறுவ முடியாத உண்மைகள்: மாணவியின் கேள்விக்கு எப்படிப் பதில் சொல்வது?

மண்டூர் ஆசிரியர்:
மட்டக்களப்பில் உயர்தர மாணவர்களுக்கு இணைந்த கணிதம் படிப்பிக்கிறேன். கணிதத் தொகுத்தறிவுக் கோட்பாட்டை (1 க்கு உண்மை, ஓர் எண்ணுக்கு உண்மையாயின் அடுத்ததற்கும் உண்மை என்று காட்டி எல்லா எண்களுக்கும் நிறுவும் முறை) விளக்கிக்கொண்டிருந்தபோது, 2 இலும் பெரிய ஒவ்வோர் இரட்டை எண்ணையும் இரண்டு முதன்மை எண்களின் கூட்டுத்தொகையாக எழுதலாம் என்னும் கோல்ட்பாக்கின் ஊகம் 1742 ஆம் ஆண்டிலிருந்து நிறுவப்படாமலே இருக்கிறது என்று சொன்னேன். ஒரு மாணவி எழுந்து, சில உண்மைகளை நிறுவவே முடியாது என்று தர்க்கவியலாளர் கோடெல் காட்டியிருக்கிறாரே, இதுவும் அத்தகையதாயின் இத்தனை பேர் இதன் பின்னால் அலைவது வீண் அல்லவா என்று கேட்டாள். மறுநாள் பதில் தருவதாகச் சொல்லி வந்துவிட்டேன். கோடெலின் தேற்றம் உண்மையில் அப்படித்தான் சொல்கிறதா? விடயம் தெரிந்தவர்கள் விளக்கினால் அந்தப் பிள்ளைக்கு நேர்மையான பதிலைக் கொடுப்பேன்.

வாவிக்கரை:
ஐயா, அந்த வாக்கியத்தில் விடுபட்டிருப்பது ஒரே ஒரு சொல்தான்: "எதில்" நிறுவ முடியாது? 1931 இல் கோடெல் வெளியிட்ட முதலாவது தேற்றம் ஒரு குறிப்பிட்ட தொகுதியைப் பற்றியே பேசுகிறது. தொகுதி என்பது, நிறுவாமலே ஏற்கும் சில அடிப்படைக் கூற்றுகளையும் (வெளிப்படையுண்மைகள்) அவற்றிலிருந்து மற்றவற்றைப் பெறும் விதிகளையும் கொண்டது. இயற்கை எண்களின் கூட்டலையும் பெருக்கலையும் கையாளும் வலிமையுடையதாகவும், எது வெளிப்படையுண்மை, எது அல்ல என்று இயந்திரம்போலச் சோதித்தறியத்தக்கதாகவும், முரணற்றதாகவும் (ஒரு கூற்றையும் அதன் மறுப்பையும் சேர்த்து நிறுவாததாகவும்) இருக்கும் எந்தத் தொகுதியிலும், அத்தொகுதிக்குள் நிறுவவும் மறுக்கவும் முடியாத ஒரு கூற்று இருக்கும். (முரணின்மை மட்டுமே போதும் என்பது 1936 இல் ரொஸர் செய்த செம்மையாக்கம், கோடெல் சற்று வலிமையான நிபந்தனையைக் கொண்டிருந்தார்.) ஒரு தொகுதியில் எட்டாத கூற்று அதைவிட வலிய இன்னொரு தொகுதியில் எட்டலாம். எந்த முறையாலும் என்றைக்கும் நிறுவ முடியாத உண்மை உண்டு என்று தேற்றம் சொல்லவில்லை.

கோல்ட்பாக்கின் ஊகத்தை எடுத்துக்கொண்டால் விடயம் இன்னும் சுவையானது. அது பொய்யென்று வைத்துக்கொள்வோம். அப்படியாயின் ஊகத்துக்கு அடங்காத ஓர் இரட்டை எண் எங்கோ இருக்கும்; அதனிலும் சிறிய முதன்மை எண்களை ஒவ்வொன்றாகச் சோடி சேர்த்துப் பார்த்தால், முடிவுள்ள கணிப்பாலேயே அது அகப்பட்டுவிடும். அந்தக் கணிப்பு, இயற்கை எண்களுக்கான வழக்கமான தொகுதியாகிய பியானோவின் வெளிப்படையுண்மைகளுக்குள் எழுதக்கூடிய முழுமையான மறுப்பாகும். ஆகவே, பியானோவின் தொகுதியால் இந்த ஊகத்தை மறுக்க முடியாது என்று எவரேனும் நிறுவினால், அவர் ஊகம் உண்மை என்பதையும் சேர்த்தே நிறுவியவராவார். நிறுவ முடியாமையைத் தேடிப் போகிறவருக்கும் வேலை வீணாகாது என்று அந்த மாணவியிடம் சொல்லுங்கள்.

சம்மாந்துறை வாசகர்:
தென்கிழக்குப் பல்கலைக்கழகத்தின் பிரயோக விஞ்ஞான பீடத்தில் கணிதம் பயின்றவன் நான். கோடெல் அமைத்த கூற்று தன்னைப் பற்றியே பேசுவதால் செயற்கையாகத் தோன்றும். வகுப்பறைக்கு உகந்தது குட்ஸ்ரைனின் தேற்றம். ஓர் எண்ணை 2 இன் வலுக்களின் கூட்டுத்தொகையாக, சுட்டிகளையும் அவ்வாறே பிரித்து எழுதுங்கள். எல்லா 2 களையும் 3 ஆக்கி 1 ஐக் கழியுங்கள். வந்த விடையை 3 இன் வலுக்களாக எழுதி, 3 களை 4 ஆக்கி மீண்டும் 1 ஐக் கழியுங்கள். 3 இல் தொடங்கினால் 3, 3, 3, 2, 1, 0 என்று சட்டென முடிந்துவிடும். 4 இல் தொடங்கினால் 4, 26, 41, 60, 83, 109 என்று ஏறிக்கொண்டே போகும். எனினும் எந்த எண்ணில் தொடங்கினாலும் இறுதியில் 0 வரும் என்று 1944 இல் குட்ஸ்ரைன், எண்ணும் வரிசையை முடிவிலிக்கு அப்பாலும் நீட்டும் முடிவிலி வரிசையெண்களைத் துணைகொண்டு நிறுவினார். இதனைப் பியானோவின் தொகுதியில் நிறுவ முடியாது என்று 1982 இல் கேர்பியும் பாரிஸும் காட்டினார்கள்.

தொகுத்தறிவு படிப்பிக்கும் உங்களுக்கு இதில் ஒரு நுட்பம் பயன்படும். 4 க்கு நிறுவலாம், 5 க்கு நிறுவலாம், நீங்கள் பெயர் சொல்லும் எந்த எண்ணுக்கும் பியானோவின் தொகுதியில் தனித்தனியே நிறுவலாம்; "எல்லா எண்களுக்கும்" என்ற ஒற்றைக் கூற்றில்தான் அத்தொகுதி தடுக்கிறது.

கல்லடி நண்பர்:
அப்படியென்றால் கணிதம் முழுவதுமே குறையுள்ளது என்றும், இயந்திரம் காணாத உண்மையை மனித மனம் காண்கிறது என்றும் கொள்ளலாம் அல்லவா?

வாவிக்கரை:
இரண்டையுமே ஏற்க இயலவில்லை, நண்பரே. கூட்டல் மட்டும் உள்ள எண்கணிதம் முழுமையானது, அதாவது அதன் ஒவ்வொரு கூற்றையும் அதற்குள்ளேயே நிறுவவோ மறுக்கவோ முடியும் என்று 1929 இல் பிரெஸ்பேகர் காட்டினார். மெய்யெண்களின் தொடக்கநிலை இயற்கணிதமும் அப்படியே என்று தார்ஸ்கி நிறுவினார். எல்லாக் கணிதத்தின் மீதும் கோடெலின் தேற்றத்தைப் போர்த்த முடியாது. மனித மனத்தைப் பொறுத்தவரை, கோடெலின் கூற்று உண்மை என்று நாம் சொல்வது அந்தத் தொகுதி முரணற்றது என்று ஏற்றுக்கொண்ட பின்னரே. "தொகுதி முரணற்றதாயின் கோடெலின் கூற்று உண்மை" என்ற அளவுக்குத் தொகுதியே தன்னுள் நிறுவிவிடுகிறது. அங்கே நமக்குத் தனிச்சிறப்பு எதுவுமில்லை. தன் முரணின்மையைத் தானே நிறுவ முடியாது என்ற இரண்டாவது தேற்றமும் அந்த வழியில்தான் வருகிறது. பியானோ தொகுதியின் முரணின்மையைக் கென்ற்சன் 1936 இல் நிறுவினார். அதற்கு அத்தொகுதிக்கு வெளியே உள்ள ஒரு தொகுத்தறிவு முறை அவருக்குத் தேவைப்பட்டது.

மண்டூர் ஆசிரியர்:
இருவருக்கும் மனமார்ந்த நன்றி. 3 இல் தொடங்கும் தொடரை மாணவர்களையே கரும்பலகையில் செய்ய வைக்கப் போகிறேன். 4 இல் தொடங்கும் தொடர் எத்தனையாவது படியில் 0 ஐத் தொடும்? கேட்பார்கள் என்பது நிச்சயம்.

சம்மாந்துறை வாசகர்:
படிகளின் எண்ணிக்கையை எழுதவே 12 கோடிக்கு மேற்பட்ட இலக்கங்கள் வேண்டும், சேர். கரும்பலகையில் முதல் ஆறு உறுப்புகளோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.