விளக்கம் கேட்டது தாமதத்துக்கு, பதிவை ரத்து செய்தது தரக்குறைவுக்கு: இந்த ஆணை செல்லுமா?

கேள்வி

எங்கள் சிறு நிறுவனம் மத்திய அரசுத் துறையொன்றில் பதிவு பெற்று, மருத்துவமனைப் படுக்கை விரிப்புகளை அனுப்பிவருகிறது. இரண்டு தவணைகள் தாமதமானதை அடுத்து, "விநியோகத் தாமதம் குறித்து விளக்கம் கோருதல்" என்ற தலைப்பில் ஓர் அறிவிப்பு வந்தது. தறிக்கூடத்தில் ஏற்பட்ட தடங்கலை விளக்கி, கெடுவுக்குள் பதில் அனுப்பினோம். ஐந்து வாரம் கழித்து வந்த ஆணையிலோ, ஆய்வகச் சோதனையில் துணியின் தரம் குறைவாக இருந்தது என்றும், "தங்கள் விளக்கம் ஏற்கத்தக்கதாக இல்லை" என்பதால் பதிவு ரத்து செய்யப்படுகிறது என்றும், மூன்று ஆண்டுகளுக்கு ஒப்பந்தப்புள்ளிகளில் கலந்துகொள்ள இயலாது என்றும் எழுதியிருந்தார்கள். அந்த ஆய்வறிக்கையை நாங்கள் இன்றுவரை கண்ணால் பார்க்கவில்லை. நேரில் போய்க் கேட்டால், பதிவு என்பது சலுகைதான், உரிமை அல்ல என்கிறார்கள். இது சரியா?

மறுமொழி 1 (வழக்கறிஞர்)

வணக்கம். அவர்கள் சொல்வதில் பாதிதான் சரி. தன்னோடு ஒப்பந்தம் செய்துகொள்ளும்படி அரசை யாரும் வற்புறுத்த முடியாது. ஆனால் 1975-ஆம் ஆண்டுத் தொகுப்பில் வெளியான எருசியன் எக்விப்மென்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஏற்றுக்கொண்ட பின்னும், கறுப்புப் பட்டியலில் சேர்ப்பது, அதாவது இனி ஒப்பந்தங்களில் கலந்துகொள்ள முடியாதபடி தடைசெய்வது, ஒருவரை மற்றவர்களுக்குச் சமமான வாய்ப்பிலிருந்து விலக்கிவைக்கிறது, ஆகவே சேர்ப்பதற்கு முன் அவர் தரப்பைக் கேட்டாக வேண்டும் என்று தீர்ப்பளித்தது. விதியில் அப்படி எழுதப்படாவிட்டாலும் இந்தக் கடமை உண்டு என்பதை ரகுநாத் தாக்கூர் வழக்கு (1989) உறுதிசெய்தது. உங்களுக்கோ விதியே இருக்கிறது: மத்திய அரசுத் துறைகளின் செலவையும் கொள்முதலையும் நெறிப்படுத்தும் பொது நிதி விதிகள் 2017-இன் 151-ஆம் விதி, நியாயமான வாய்ப்புத் தராமல் யாரையும் தடைசெய்யக் கூடாது என்கிறது.

உங்கள் ஆணையின் முதன்மையான பழுது அறிவிப்பில்தான் இருக்கிறது. கோர்க்கா செக்யூரிட்டி வழக்கில் (2014) நீதிமன்றம், என்ன குற்றச்சாட்டு என்பதோடு என்ன நடவடிக்கை எடுக்க உத்தேசிக்கிறார்கள் என்பதும் அறிவிப்பிலிருந்தே தெரிய வேண்டும் என்றது. 2020-இல் யு.எம்.சி. டெக்னாலஜீஸ் வழக்கில், இந்திய உணவுக் கழகம் விதித்த ஐந்தாண்டுத் தடை இதே குறையால் நீக்கப்பட்டது. உங்களுக்கு வந்த அறிவிப்பில் தரம் பற்றியும் இல்லை, ரத்து பற்றியும் இல்லை. தாமதத்துக்குத் தந்த விளக்கத்தைத் தரக்குறைவுக்குத் தந்த விளக்கமாக எடுத்துக்கொண்டு நிராகரித்திருக்கிறார்கள். கேட்காத கேள்விக்குப் பதில் போதவில்லை என்பது போல!

மூன்று ஆண்டு என்பதும் இடிக்கிறது. 151-ஆம் விதியில் மூன்று ஆண்டு வரையிலான தடை, ஊழல் தடுப்புச் சட்டம் முதலியவற்றின் கீழ் தண்டனை பெற்றவர்களுக்கு உரியது; கொள்முதலில் கடைப்பிடிக்க வேண்டிய நேர்மை நெறியை மீறியவர்களுக்கே இரண்டு ஆண்டு வரைதான். எந்த அதிகாரத்தின் கீழ் இந்தக் காலம் குறிக்கப்பட்டது என்று எழுத்தில் கேளுங்கள்.

மறுமொழி 2 (ஓய்வுபெற்ற கொள்முதல் அதிகாரி)

மேலே சொன்ன சட்டத்தில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் கோப்பு எப்படி நகரும் என்பதையும் அறிந்துகொள்வது நல்லது. அறிவிப்பு போன பிறகு ஆய்வறிக்கை வந்திருக்கும்; இன்னொரு அறிவிப்பு அனுப்பினால் மேலும் ஒரு மாதம் ஆகும் என்று, பழைய அறிவிப்பின் மேலேயே ஆணையை எழுதியிருப்பார்கள். இது தவறு. அதற்காக அறிக்கை பொய் என்று ஆகிவிடாது. வழிமுறைப் பிழைக்காக ஆணை நீக்கப்பட்டால், புதிதாக அறிவிப்புக் கொடுத்துத் தொடரலாம் என்ற அனுமதியும் பெரும்பாலும் சேர்ந்தே வரும். வழக்கில் வென்றவர் ஆறு மாதத்தில் அதே மேசைக்கு முன்னால் வந்து நிற்பதைப் பார்த்திருக்கிறேன்.

ஆகவே இப்போதே ஆய்வறிக்கையின் நகலையும், மாதிரி எடுத்த நாளின் குறிப்பையும் கேளுங்கள். மாதிரி எடுத்தபோது உங்கள் தரப்பில் யாராவது இருந்தார்களா, முத்திரையிட்ட இரண்டாம் மாதிரி கையிருப்பில் உள்ளதா என்பவை முக்கியம். அப்படி ஒன்று இருந்தால், மறுசோதனை முடியும் வரை அதை அழிக்கக் கூடாது என்று எழுத்தில் கோருங்கள். நேரில் விசாரிக்கவில்லை என்பதை மட்டும் பெரிதாக்காதீர்கள்; எழுத்து மூலமான வாய்ப்பே பல சமயம் போதுமானதாகக் கொள்ளப்படும்.

கேட்டவர்

இருவருக்கும் நன்றி. மேல்முறையீடு செய்யாமல் நேராக உயர் நீதிமன்றத்துக்குப் போகலாமா? வழக்கு வந்த பிறகு அவர்கள் புதுக் காரணங்கள் சொன்னால் என்ன செய்வது?

மறுமொழி 3 (வழக்கறிஞர்)

மாற்றுவழி இருப்பினும், இயற்கை நீதி (ஒருவர் தரப்பைக் கேட்காமல் அவருக்கு எதிராக முடிவெடுக்கக் கூடாது என்பது போன்ற அடிப்படை நெறி) மீறப்பட்டிருந்தால் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம் நீதிப்பேராணை மனுவை ஏற்கலாம் என்பது வேர்ல்பூல் வழக்கிலிருந்து (1998) தெளிவு. ஆனால் அது நீதிமன்றத்தின் விருப்புரிமை. மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் என்பது போன்ற கெடு இருந்தால் அதைத் தவற விடாதீர்கள். புதுக் காரணங்களைப் பற்றிக் கவலை வேண்டாம்: ஆணையில் எழுதாத காரணத்தைப் பிறகு பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து ஆணையைக் காப்பாற்ற முடியாது என்று மொஹிந்தர் சிங் கில் வழக்கு (1978) சொல்லியிருக்கிறது.

இன்னொன்று. ரத்து ஆணைக்கு நீதிமன்றத்தின் இடைக்காலத் தடை கிடைத்த பிறகு வேறு துறையின் ஒப்பந்தப்புள்ளியில் கலந்துகொண்டால், உறுதிமொழிப் படிவத்தில் ரத்து ஆணையையும் அதற்குப் பெற்ற தடையையும் இரண்டையும் குறிப்பிடுங்கள். மறைத்தால் அதுவே, இம்முறை முறையான அறிவிப்போடு, புதிய நடவடிக்கைக்குக் காரணமாகும்.