வாத்தியார் வீடு: ஐயாவின் தகரப் பெட்டி

ஞாயிறு, காலை 7:12

பெரியக்கா: ஐயாவின் தகரப் பெட்டிக்குள் கரையான் ஏறிவிட்டது. அடியில் இருந்த இரண்டு கட்டு மண்ணாகிவிட்டது. மீதியை வாசலில் காய வைத்திருக்கிறேன். வெள்ளிக்கிழமை வருடத் திதி. ஐயா நினைவாகத் தோட்டப் பள்ளிப் பிள்ளைகளுக்கு என்ன கொடுக்கிறோம் என்று இன்றைக்குள் முடிவு சொல்லுங்கள். டீச்சர் இரண்டு தடவை கேட்டுவிட்டார்.

பெரியக்கா: (படம்)

கண்ணன்: தண்ணீர்ப் போத்தல்தான். ஐயா பெயர் அச்சடித்து ஒன்று 11 வெள்ளி (ரிங்கிட்). ஜொகூரிலேயே சொல்லிவிட்டேன்.

விமலா அண்ணி: நல்ல போத்தல். மூடி கசியாது.

குமார்: மொத்தம் எத்தனை பிள்ளைகள்?

பெரியக்கா: 43. முதலாம் ஆண்டில் ஐந்தே பேர்.

குமார்: கெடாவில் வெள்ளிக்கிழமை பள்ளி இல்லையே அக்கா?

பெரியக்கா: வியாழன் காலை சபைகூடலில் கொடுப்போம். வெள்ளிக்கிழமை வீட்டில் படையல்.

கண்ணன்: ஜொகூரில் எங்களுக்கு இப்போது சனி ஞாயிறுதான் விடுமுறை. இரண்டு நாள் லீவு போட வேண்டும். பார்க்கிறேன்.

காலை 7:40

மல்லிகா: கண்ணா, போத்தல் வேண்டாம். தீபாவளிக்கு ஒருவர், விளையாட்டுப் போட்டிக்கு ஒருவர் என்று அந்தப் பிள்ளைகளிடம் ஆளுக்கு மூன்று போத்தல் இருக்கும். முப்பது வருடம் வகுப்பில் நின்றவள் சொல்கிறேன். கதைப் புத்தகம் கொடுப்போம். ஆளுக்கு ஒன்று, வீட்டுக்கே எடுத்துப் போகட்டும். நிறைய வீடுகளில் தமிழில் இருப்பது பாடநூலும் பயிற்சி நூலும் மட்டும்தான். பாடநூல் இரவல், ஆண்டு முடிவில் திருப்பிக் கொடுத்தாக வேண்டும். அப்புறம் மிஞ்சுவது பயிற்சி நூல். ஆறாம் ஆண்டின் யுபிஎஸ்ஆர் தேர்வையே 2021-இல் எடுத்துவிட்டார்கள், பயிற்சி நூல் மட்டும் வீட்டை விட்டுப் போகவில்லை. நீலாம் வாசிப்புக் குறிப்பேட்டில் ஒரே கதையின் சுருக்கத்தை மூன்று தடவை எழுதி வந்த பையனைத் திட்டியிருக்கிறேன். வீட்டில் இருந்தது அந்த ஒரு புத்தகம்தான் என்று பிறகுதான் தெரிந்தது. இன்றைக்கும் அது மனதை விட்டுப் போகவில்லை.

குமார்: நல்ல யோசனை.

விமலா அண்ணி: போத்தலுக்கு முன்பணம் கட்டியாகிவிட்டது.

கண்ணன்: 100 வெள்ளி.

மல்லிகா: யாரைக் கேட்டுக் கட்டினாய்?

கண்ணன்: போன மாதம் இதே குழுவில் கேட்டேன். ஒருவரும் வாய் திறக்கவில்லை.

பெரியக்கா: காலையிலேயே ஆரம்பிக்காதீர்கள்.

மாமா பட்டர்வொர்த்: அனைவருக்கும் காலை வணக்கம். பிள்ளைகள் குறைந்துவிட்டதால் நம் தோட்டப் பள்ளியை மூடப் போகிறார்களாம். ஒரு குழுவில் வந்தது. உண்மையா?

குமார்: யார் சொன்னது மாமா?

மாமா பட்டர்வொர்த்: பலமுறை பகிரப்பட்டது என்று போட்டிருக்கிறது.

பெரியக்கா: பொய் மாமா. நேற்றுதான் தலைமையாசிரியையைப் பார்த்தேன். 150-க்குக் கீழே இருந்தால் குறைந்த மாணவர் பள்ளி என்று பெயர், அவ்வளவுதான். அப்படி நாடு முழுக்க நிறைய இருக்கிறது. தயவுசெய்து அனுப்பாதீர்கள், பெற்றோர் பயந்து பிள்ளையை மாற்றிவிடுவார்கள்.

மாமா பட்டர்வொர்த்: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

மாமா பட்டர்வொர்த்: சரிம்மா. டுரியான் விழ ஆரம்பித்துவிட்டது. யாருக்கு வேண்டும்?

காலை 9:05

தாரணி: பெரியத்தை, படத்தில் அந்தப் புத்தகத்தின் முதுகில் பழுப்பாக ஒரு கோடு ஓடுகிறதே, அது என்ன?

பெரியக்கா: அது பால்மரத்துப் பால், ரப்பர் பால். புத்தகம் கிழிந்தால் அம்மா பால் எடுக்கும் மங்கிலிருந்து ஒரு சொட்டு எடுத்து விரலால் இழுத்துவிடுவோம். மேலே ஐயாவின் அகராதியை வைத்துவிட்டுப் படுத்தால் காலையில் ஒட்டியிருக்கும். அப்போது வெள்ளையாகத்தான் இருந்தது, வருடம் போகப் போகக் கறுத்துவிட்டது. இப்போதும் தொட்டால் லேசாக ஒட்டுகிறது. கரையான் தாளைத் தின்றிருக்கிறது, அந்தக் கோட்டைத் தொடவில்லை.

தாரணி: பெரிதாக ஒரு படம் அனுப்புங்கள். 

பெரியக்கா: (படம்)

குமார்: அம்புலிமாமா! அட்டையைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது.

கண்ணன்: என்னுடைய முத்து காமிக்ஸ் ஒன்றாவது இருக்கிறதா பாருங்கள்.

பெரியக்கா: இல்லைடா.

கண்ணன்: எப்படி இருக்கும்? இரும்புக்கை மாயாவி மட்டும் ஏழு வைத்திருந்தேன். சுங்கைப்பட்டாணி பஸ் நிலையத்துக் கடையில் ஒவ்வொன்றாகக் காசு சேர்த்து வாங்கியது. எல்லாம் வெந்நீர் அடுப்புக்குப் போனது. அடுத்த வருடம் அதே ஐயா பள்ளிக்குக் கதைப் புத்தகம் வேண்டும் என்று வாரியத்தில் போய் நின்றார். மல்லிகாக்காவின் அம்புலிமாமா மட்டும் பெட்டியில் பத்திரம்.

மல்லிகா: அதில் வன்முறை இருக்கிறது என்று நினைத்தார். ஐயா செய்தது தவறுதான் கண்ணா. வகுப்பில் படிக்கவே மாட்டேன் என்று உட்கார்ந்திருக்கும் பையனைப் படக்கதைதான் இழுத்து வரும். கட்டத்துக்குள் நாலு சொல், படம் பாதியைச் சொல்லிவிடும். அவனுக்குத் தான் வாசித்து முடித்துவிட்டோம் என்ற நினைப்பு வரும். அதற்காகவே ஆறாம் ஆண்டுக்கு இரண்டு படக்கதை வாங்க வேண்டும்.

கண்ணன்: இதை நாற்பது வருடத்துக்கு முன்னால் சொல்லியிருக்கலாம்.

விமலா அண்ணி: சாப்பாடு யார்? இலை எத்தனை?

பெரியக்கா: அறுபது. சமையல் கோயில் ஐயரம்மா. பாயாசம் நான்.

காலை 10:20

மல்லிகா: எந்தப் புத்தகம் என்று சொல்கிறேன், முழுதாகப் படியுங்கள்.

முதலாம் இரண்டாம் ஆண்டுக்குப் பாட்டு. அழ. வள்ளியப்பா மாதிரி. பகலில் வங்கி வேலை, மற்ற நேரமெல்லாம் குழந்தைகளுக்குப் பாட்டு என்று வாழ்ந்தவர். முதல் தொகுப்பு 1944-இல் வந்தது. சின்ன வரி, காதில் நிற்கும் ஓசை. நம் பிள்ளை வீட்டில் ‘வந்துச்சு’ என்று பேசுகிறது, புத்தகத்தில் ‘வந்தது’ என்று இருக்கிறது. 247 எழுத்தையும் கற்று முடித்த கையோடு இந்த இரண்டாவது பாஷையையும் தாண்ட வேண்டும். பாட்டாக இருந்தால் அது தெரியாமலே தாண்டிவிடும். கதை என்றால் யாராவது பக்கத்தில் உட்கார்ந்து வாசித்துக் காட்ட வேண்டும்.

மூன்று நான்குக்கு இந்த மண்ணின் கதை. சென்னையிலிருந்து வரும் புத்தகம் அழகாக இருக்கிறது, நான் குறை சொல்லவில்லை. ஆனால் அதில் ஆலமரம், ரூபாய், ரயில் கூட்ஸ் வண்டி. நம் பிள்ளை பார்ப்பது செம்பனை, உடும்பு, வாய்க்காலில் வாளைமீன், மேகம் மூடிய ஜெராய் மலை. ஒரு தடவை ‘ரம்புத்தான்’ என்ற சொல் கதையில் வந்தபோது வகுப்பே தலை நிமிர்ந்தது. இங்கேயே முரசு நெடுமாறன் குழந்தைப் பாடல்கள் எழுதியிருக்கிறார். கெடா ஆசிரியர் கே. பாலமுருகன் சிறுவர்களுக்கு மர்ம நாவல் எழுதினார், நான்காம் ஆண்டுப் பையன்கள் வரிசையில் நின்று இரவல் வாங்கினார்கள்.

ஐயா இருந்தால் இதைத்தான் செய்திருப்பார். ராத்திரி ராத்திரி நமக்கு வாசித்துக் காட்டினாரே. அதனால்தான் நான் ஆசிரியை ஆனேன். பள்ளியின் வாசிப்பு மூலைக்கு ஐயா பெயரே வைப்போம்.

காலை 10:48

பெரியக்கா: ஐயா வாசித்தது பள்ளிக்கூடத்தில். வீட்டில் வாசித்தது நான்.

காலை 11:31

குமார்: அக்கா சொல்வது சரி. எனக்கு ஞாபகம் இருப்பது அக்கா குரல்தான். ஒன்பதரைக்குத் தோட்டத்து மின்சாரம் நிற்கும். அப்புறம் மண்ணெண்ணெய் விளக்கு. நான் அக்கா மடியில். அக்கா விரலில் காய்ந்த பால் உரிந்துகொண்டே இருக்கும், பக்கம் திருப்பும்போது தாளில் ஒட்டும். ஐயா முன்னறையில் நோட்டுத் திருத்திக்கொண்டிருப்பார்.

மல்லிகா: ஆமாம். மறந்துவிட்டேன் என்று சொல்ல மாட்டேன், ஐயா என்றே மனதில் பதிந்துவிட்டது. மன்னித்துவிடு அக்கா.

பெரியக்கா: அதற்கு என்ன. 1978-இல் இடைநிலைப் பள்ளியில் ரிமூவ் என்ற புகுமுக வகுப்புக்கு மூன்று மாதம் போனேன். அம்மாவுக்கு முடியாமல் போனது, அடுத்த வருடம் குமார் பிறந்தான். ஐயா ‘அடுத்த வருடம் சேர்க்கிறேன்’ என்றார். நான் கேட்கவும் இல்லை. உங்களுக்கு வாசித்துக் காட்டியதில்தான் எனக்கும் வாசிப்பு விட்டுப்போகாமல் இருந்தது.

கண்ணன்: அக்கா, ஐயாவின் பெயருக்குக் கீழே உங்கள் பெயரும் போடுவோம்.

பெரியக்கா: வேண்டாம். திதி ஐயாவுக்கு.

குமார்: போட வேண்டும்.

மாமா பட்டர்வொர்த்: போடுங்கள். என் தங்கை படுக்கையில் கிடந்தபோது வீட்டைத் தாங்கியது இவள்தான்.

பெரியக்கா: மாமா, டுரியான் கொண்டுவாருங்கள். அது போதும்.

மதியம் 1:15

தாரணி: நான் வாயால் சொல்லித் தட்டச்சு செய்கிறேன், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். இரண்டு விஷயம். ஸ்டோரிவீவர் என்ற தளத்தில் தமிழ்ப் படக்கதைகள் இலவசமாக இருக்கின்றன. நிலை ஒன்று, நிலை இரண்டு என்று பிரித்திருக்கிறார்கள். இறக்கி அச்சடித்துக்கொள்ளலாம், எழுதியவர் வரைந்தவர் பெயரையும் உரிமக் குறிப்பையும் விடாமல் போட வேண்டும். முதலாம் ஆண்டின் ஐந்து பேருக்கும் வியாழனுக்குள் நான் அச்சடித்து அனுப்ப முடியும்.

இரண்டாவது, ஆறாம் ஆண்டுக்கு லாட் வரைந்த கம்போங் பாய் படக்கதை. மலாய்ப் பதிப்பு என்றாலும் பரவாயில்லை. தாத்தா எனக்கு வாங்கித் தந்த ஒரே மலாய்ப் புத்தகம் அது. முதலில் ஆங்கிலத்தில் 1979-இல் வந்தது. பேராக் கிராமத்துப் பையன், பள்ளிக்காக ஈப்போவுக்குக் கிளம்பும்வரை உள்ள கதை. அவன் கிராமத்து நிலத்தைத் தேடி ஈயச் சுரங்கக் கம்பெனி வரும். தோட்டத்து லயத்து வீடுகளை இடித்துத் தாமான் (குடியிருப்பு) கட்டியபோது தாத்தா அந்தப் பக்கங்களைத்தான் எனக்கு எடுத்துக் காட்டினார்.

மல்லிகா: உன்னைத் தமிழ்ப்பள்ளிக்கு அனுப்பியிருந்தால் தட்டச்சே செய்திருப்பாய்.

விமலா அண்ணி: மறுபடியுமா அண்ணி? அப்போது வீட்டுக்குப் பக்கத்தில் தமிழ்ப்பள்ளி இல்லை. பஸ் இல்லை. இருபது வருடமாகப் பதில் சொல்லிவிட்டேன்.

தாரணி: அம்மா, விடுங்கள். அத்தை, நான் சொல்ல வந்ததைக் கேளுங்கள். பல்கலைக்கழகத்தில் கே. எஸ். மணியத்தின் நாவல் பாடமாக இருந்தது. ஆங்கிலத்தில் எழுதியவர், 1942-இல் பீடோங்கில் பிறந்தவர். நாவல் 1981. சலவைத் தொழிலாளியின் மகன் தமிழ்ப்பள்ளிக்கும் பிறகு ஆங்கிலப் பள்ளிக்கும் போய் வளர்கிற கதை. அதில் பீடோங் என்ற பெயரை அச்சில் பார்த்தேன். நம் பீடோங். வகுப்பில் எனக்குக் கண் கலங்கிவிட்டது. எங்கள் பாட்டி வீட்டு ஊர் என்று பக்கத்தில் இருந்தவளிடம் காட்டினேன். அதை எனக்கு 20 வயதில் காட்டினார்கள். 10 வயதில் யாராவது காட்டியிருக்கலாம், தமிழில்.

மல்லிகா: சொன்னது தவறு. நீ அச்சடி.

பெரியக்கா: அந்தப் பையனின் பாட்டி எப்படி இருப்பாள் கதையில்?

தாரணி: கப்பலில் வந்தவர். பெரியதாய் என்று கூப்பிடுவார்கள். தனக்கென்று கொஞ்சம் நிலம் வேண்டும் என்று கடைசிவரை ஏங்குவார்.

பெரியக்கா: எனக்கு அதை வாசித்துத் தமிழில் சொல். வெள்ளிக்கிழமை வரும்போது.

தாரணி: கண்டிப்பாக.

மதியம் 2:40

குமார்: அக்கா, ஒரு உதவி. கவினுக்கு ஒரு கதை வாசித்து அனுப்புங்கள். அவனிடம் உங்களைப் பற்றிச் சொன்னேன். நம்பவில்லை.

பெரியக்கா: குரல் செய்தி (4:12)

குமார்: வேதாளம்! அதே குரல்.

கண்ணன்: காரை ஓரமாக நிறுத்திவிட்டுக் கேட்டேன். அந்த மரத்தில் ஏறும் இடத்தில் குரலை இறக்குவீர்களே, அப்படியே இருக்கிறது.

குமார்: கவின் கேட்கிறான்: பேசினால் வேதாளம் பறந்துபோய்விடும் என்று ராஜாவுக்குத் தெரியும் அல்லவா, அப்புறம் ஏன் ஒவ்வொரு தடவையும் பதில் சொல்கிறார்? தெரியாதது மாதிரி இருக்கலாமே என்கிறான்.

மல்லிகா: எட்டு வயதில் நல்ல கேள்வி.

மாமா பட்டர்வொர்த்: பதில் தெரிந்தும் சொல்லாமல் இருந்தால் தலை வெடித்துவிடும்.

குமார்: அதைச் சொன்னேன் மாமா. ‘முதல் தடவை மட்டும் வெடிக்கிறதா என்று பார்த்திருக்கலாம்’ என்கிறான்.

மதியம் 3:25

மல்லிகா: சரி, கணக்கு. தாரணி ஐந்து பேருக்கு அச்சடிக்கிறாள். மற்ற 38 பேருக்கு நான் நாளை பினாங்கிலும் சுங்கைப்பட்டாணியிலும் கடையில் பார்க்கிறேன். கிடைக்காதது கோலாலம்பூரிலிருந்து வர வேண்டும், வியாழனுக்குள் வருமா என்று தெரியாது. ஒருவர் 300 வெள்ளி போட முடியுமா?

குமார்: போடுகிறேன்.

கண்ணன்: போத்தல் பணத்தைக் கழித்துக்கொண்டு 200.

மல்லிகா: போத்தலை நிறுத்த முடியாதா?

விமலா அண்ணி: பெயர் அச்சடித்துவிட்டார்களாம். இப்போதுதான் படம் அனுப்பினார்கள்.

மல்லிகா: பாதிப் பிள்ளைக்குப் புத்தகம் வராவிட்டால்?

குமார்: வியாழன் போத்தல், புத்தகம் வந்ததும் இன்னொரு சபைகூடல்.

மல்லிகா: டீச்சர் ஒத்துக்கொள்ள வேண்டும். அக்கா, கேட்கிறாயா? பெயர் விஷயம் என்ன ஆனது? பலகைக்குச் சொல்ல வேண்டும்.

கண்ணன்: இரண்டு பெயரும்.

குமார்: இரண்டு பெயரும்.

பெரியக்கா: நேரில் பேசுவோம். கவினுக்குப் பதில் நாளைக்கு அனுப்புகிறேன், யோசிக்க வேண்டும். ஜெராய் பக்கம் இருட்டிவிட்டது, மழை வருகிறது. வாசலில் இருக்கும் புத்தகத்தை உள்ளே எடுக்கிறேன்.