கத்தி முனையில் சிக்கும் இடம்

வேறு உலகத்துக்கு வழி திறக்கும் கையடக்கக் கருவி என்றதும் பலருக்கு ‘ரிக் அண்ட் மார்ட்டி’ கார்ட்டூன் தொடரில் வரும் பச்சைத் திரவத் துப்பாக்கிதான் நினைவுக்கு வரும். விசையை அழுத்தினால் சுவரில் ஒரு வட்டம் விரியும், நுழைந்துவிடலாம். என் கைக்கு வந்தது வேறு. அது ஒரு கத்தி.

பல் மருத்துவம் மூன்றாம் வருடம் படிக்கும்போது, ஹாஸ்டலில் என் அறைத்தோழி படித்து முடித்து என் கட்டிலில் போட்டுவிட்டுப் போன புத்தகம் அது. பிலிப் புல்மன் 1997-இல் எழுதிய ‘தி சட்டில் நைஃப்’. மூன்று பாகத் தொடரில் இரண்டாவது. முதல் பாகம் படிக்காமலேயே ஆரம்பித்தேன்.

ஆக்ஸ்ஃபோர்டின் வடக்கே சண்டர்லேண்ட் அவென்யூ. ராத்திரி நேரம். வில் என்ற பன்னிரண்டு வயதுப் பையன் ஒரு பூனையைப் பார்த்தபடி நிற்கிறான். வரிசையாக நிற்கும் ஹார்ன்பீம் மரங்களுக்கு அருகே அந்தப் பூனை வெறும் காற்றில் எதையோ முன்னங்காலால் தட்டிப் பார்க்கிறது. அப்புறம் ஓர் அடி எடுத்து வைக்கிறது, காணாமல் போகிறது. பையன் கிட்டே போய்ப் பார்த்தால், காற்றில் கத்தரித்து எடுத்ததுபோல் ஒரு துண்டு. பக்கவாட்டில் நின்றால் தெரியாது, பின்னால் போனாலும் தெரியாது. அந்தப் பக்கம் தெரிவதும் வெறும் புல்தான். ஆனாலும் அது இந்த உலகத்துப் புல் இல்லை என்று அவனுக்குச் சந்தேகமில்லாமல் தெரிகிறது. அந்த இடத்தில் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு ஜன்னலுக்கு வெளியே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

காற்றில் இருந்த அந்தத் திறப்பை, கதையின் மொழியில் அந்த ‘ஜன்னலை’, வெட்டியது அந்தக் கத்திதான் என்பது பிறகு தெரியவரும். சித்தகாட்சே என்ற நகரத்தில், முந்நூறு வருடங்களுக்கு முன் செய்யப்பட்டது. ஒரு விளிம்பு எந்தப் பொருளையும் வெட்டும். இன்னொரு விளிம்பு உலகங்களுக்கு நடுவில் வெட்டும். அதை வைத்திருப்பவருக்கு இடது கையில் இரண்டு விரல் போய்விடும். வில்லுக்கும் போகிறது. காயத்தில் ரத்தம் நிற்காத நிலையில்தான் முன்பு அதை வைத்திருந்த கிழவர் சொல்லிக்கொடுக்கிறார். பலம் கொடுக்காதே, உன் மனம் கத்தி முனைக்குப் போகட்டும், காற்றில் எங்கோ மிக லேசாக ஒரு சிக்கல் தட்டுப்படும், அங்கே வெட்டு. முதலில் அவனால் முடியவில்லை. வலியோடு சண்டை போடுவதை விட்ட பிறகுதான் அந்தச் சிக்கல் கிடைக்கிறது.

அடுத்த வருடம் இது எனக்கே நடந்தது. மேல்தாடையின் முதல் கடைவாய்ப் பல்லில் வழக்கமாக மூன்று வேர் இருக்கும். முன்பக்கத்துக் கன்ன வேரில் பல சமயம் இரண்டாவதாக ஒரு குழாய் ஒளிந்திருக்கும். நாங்கள் எம்பி-2 என்போம். அதை விட்டுவிட்டால் வேர் சிகிச்சை முடிந்தும் வலி போகாமல் இருக்கலாம். அன்று சிகிச்சைக்கு வந்த ஓர் அம்மாவுக்கு அதே கதை. மூன்று குழாயும் வேறொரு மருத்துவமனையில் அடைத்தாகிவிட்டது, வலி மட்டும் அப்படியே இருந்தது. எக்ஸ்ப்ளோரர் என்கிற ஊசிமுனைக் கருவியை வைத்துக்கொண்டு இருபது நிமிடம் தேடினேன். கிடைக்கவில்லை. கை இறுக இறுக எல்லா இடமும் ஒரே கல்லாகத்தான் தெரிந்தது. பின்னால் நின்ற எங்கள் மேடம் என் தோளைத் தொட்டு, “கையைத் தளர்த்தும்மா, முனை தானா சொல்லும்” என்றார். மூச்சை விட்டேன். பல்லின் உட்குழித் தரையில் ஓடிய மெல்லிய கருங்கோட்டின் மேல் முனையை வெறுமனே நகர்த்தினேன். ஓரிடத்தில் பிடித்தது. இழுத்தால் விடாத அளவுக்கு, அவ்வளவு லேசாக. உடம்பு சிலிர்த்துவிட்டது. இந்த எழுத்தாளர் எதையோ தன் கையால் செய்து பார்த்துத்தான் அந்தப் பக்கத்தை எழுதியிருக்க வேண்டும் என்று அன்று தோன்றியது, இன்றும் அப்படித்தான் நினைக்கிறேன்.

அதனால்தான் துப்பாக்கியைவிட இந்தக் கத்தி எனக்குப் பெரிதாகப் படுகிறது. இது கவனத்தால் இயங்கும் கருவி. வெட்டும் நேரத்தில் வில்லின் மனம் அம்மாவிடம் போனதும் கத்தி துண்டுதுண்டாக உடைந்துவிடுகிறது. இணை உலகங்களைப் பற்றி இயற்பியலாளர் ஹியூ எவரெட் 1957-இல் பிரின்ஸ்டனில் எழுதிய ஆய்வில், தனித்தனி உலகங்களாகப் பிரிந்த கிளைகளுக்கு நடுவே நாம் போய்வரக் கதவு கிடையாது. கதை அந்தக் கதவைத் திறக்கிறது, ஆனால் சும்மா திறக்கவில்லை. ஒவ்வொரு ஜன்னல் வெட்டும்போதும் பெரியவர்களின் உயிர்ப்பைத் தின்னும் ஓர் ஆவி பிறக்கிறது. மூடாமல் விட்ட ஜன்னல் வழியே உலகத்தின் உணர்வே கசிந்து போகிறது. ஆகவே விரல் நுனியால் இரண்டு ஓரத்தையும் சேர்த்துப் பிடித்து மூடவும் வில் கற்க வேண்டியிருக்கிறது. திறந்த வேர்க் குழாயை மூடாமல் யாரையும் வீட்டுக்கு அனுப்ப முடியாது என்பது என் தொழிலில் முதல் பாடம், அதனால் அந்தப் பகுதி எனக்குச் சட்டென்று ஒட்டிக்கொண்டது.

இனி சொல்வது முடிவு. 2000-இல் வந்த மூன்றாம் பாகத்தைப் படிக்காதவர்கள் இதோடு நிறுத்திவிடுங்கள். இறந்தவர்கள் வெளியேறுவதற்கான ஒரே ஒரு ஜன்னலைத் தவிர மற்ற எல்லாவற்றையும் மூட வேண்டும். வேறு உலகத்தில் ஒருவர் பத்து வருடத்துக்கு மேல் நலமாக வாழவும் முடியாது. வில்லும், அவன் நேசிக்கும் வேறோர் உலகத்துப் பெண் லைராவும் பிரிகிறார்கள். ஆக்ஸ்ஃபோர்டு தாவரவியல் தோட்டத்தில் ஒரு பெஞ்ச் இரண்டு உலகத்திலும் இருக்கிறது. வருடத்துக்கு ஒரு நாள், நடுக்கோடைத் திருநாளில், பகல் பன்னிரண்டு மணிக்கு அவரவர் உலகத்தில் அதில் ஒரு மணி நேரம் உட்காருவது என்று ஒப்பந்தம்.

அந்தத் தோட்டம் நிஜம். 1621-இல் தொடங்கியது, மாடலின் கல்லூரிக்கு எதிரே. பெஞ்சும் நிஜம். என் அறைத்தோழி இறந்து ஆறு வருடம் கழித்து, ஒரு ஜூன் 24 அன்று அங்கே போனேன். மதில் சூழ்ந்த பகுதியைத் தாண்டி உள்ளே நடக்க வேண்டும். பெஞ்சுக்குப் பின்னால் இப்போது ஒரு பூனையும், கீரி போன்ற ஒரு பைன் மார்ட்டனும் உலோகத்தில் நிற்கின்றன; கதையில் வில், லைரா இருவரின் ஆன்மாக்களும் எடுக்கும் விலங்கு உருவங்கள் அவை. பலகை முழுக்க யார் யாரோ செதுக்கிய பெயர்கள். ஓர் ஓரமாக உட்கார்ந்தேன். பக்கத்தில் ஓர் இடம் காலியாக இருந்தது. ஒரு பெரியவர் வந்தார், காலி இடத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். ஒன்றும் கேட்காமல் எதிரே புல்லில் உட்கார்ந்துகொண்டார். ஒரு மணி வரைக்கும் இரண்டு பேரும் பேசவில்லை.

எழும்போது பலகையில் விரலை ஓட்டினேன். மழையில் மங்கிப்போன ஓர் எழுத்தின் விளிம்பில் நகம் சிக்கியது.