வரைவதற்கு நிலையான இடமும் பழகிய பொருள்களும் தேவையா?

தூரிகை (கேள்வி):
அலுவலகம் முடிந்து வீடு திரும்பிய பிறகே வரைய உட்காருகிறேன். தனி அறை இல்லாததால், சாப்பாட்டு மேசையைத் துடைத்து, வண்ணங்களை எடுத்து வைத்து, முடிந்ததும் மீண்டும் அலமாரியில் அடுக்க வேண்டியிருக்கிறது. எடுத்து வைப்பதற்குள் ஆர்வம் வடிந்துவிடுகிறது. கலைஞர்கள் பலர் தங்களுக்கென்று நாற்காலி, பென்சில், நேரம் என்று வைத்திருந்தார்களாம். அவை உண்மையிலேயே வேலைக்கு உதவினவா, வெறும் பழக்கம்தானா?

மைக்கூடு:
உதவின என்பதே என் கருத்து. சிறுவர் கதைகள் எழுதிய ரோல்டு டால், இங்கிலாந்தின் கிரேட் மிசெண்டன் ஊரில் தம் வீட்டுத் தோட்டத்துக் குடிலில் எழுதினார். 1940இல் விமான விபத்தில் முதுகில் பட்ட அடி பிற்காலத்திலும் வலித்ததால், நாற்காலியின் முதுகுப்பக்கத்தில் துளை வெட்டிக்கொண்டார். பச்சைத் துணி ஒட்டிய பலகையைக் கைப்பிடிகளின்மேல் வைத்து எழுதினார். அந்த நாற்காலி ராசிக்காக வைத்திருந்ததன்று, வலியை மறந்து உட்காருவதற்காக. ஆறு பென்சில்களைச் சீவி முடித்தால் அன்றைய வேலை தொடங்கிவிட்டது என்று பொருள்.

நிழல்:
உங்களுக்கு இன்னும் நெருக்கமானவர் இத்தாலிய ஓவியர் ஜார்ஜோ மொராண்டி (1890–1964). பொலோன்யா நகரில் தம் சகோதரிகள் மூவருடன் வாழ்ந்த அவருக்குப் படுக்கையறையே ஓவியக்கூடமாகவும் இருந்தது. 1930 முதல் 1956 வரை அந்நகரின் கலைக்கழகத்தில் செதுக்கோவியம் (உலோகத் தகட்டில் வரைந்து தாளில் அச்சிடும் கலை) கற்பித்துக்கொண்டே, புட்டிகள், குடுவைகள், தகர டப்பாக்கள் ஆகியவற்றையே பல பத்தாண்டுகள் திரும்பத் திரும்ப வரைந்தார். பளபளப்பு கண்ணை உறுத்தாதபடி சில புட்டிகளுக்கு வண்ணம் பூசினார். படிந்த தூசியைத் துடைக்கவில்லை. மேசையில் விரித்த தாளில் ஒவ்வொரு பொருளும் நின்ற இடத்தைப் பென்சிலால் வட்டமிட்டுக் குறித்ததால், கலைத்துவிட்டாலும் அதே அடுக்கை மீண்டும் அமைக்க முடிந்தது. எதை வரைவது என்ற கேள்வியே எழாததால், இரண்டு புட்டிகளுக்கு இடையிலுள்ள இடைவெளியையும் அங்கே விழும் ஒளியையும் மட்டும் கவனிக்க அவருக்கு நேரம் கிடைத்தது. அந்த ஓவியங்களின் அமைதி அங்கிருந்துதான் வருகிறது என்று நம்புகிறேன். நீங்களும் நான்கைந்து பொருள்களைத் தேர்ந்தெடுத்து, தடித்த அட்டையில் அவற்றின் இடங்களைக் குறித்து வையுங்கள். அட்டையை விரித்தால் போதும், சாப்பாட்டு மேசையும் ஓவியக்கூடமாகிவிடும்.

விடிவெள்ளி:
பொருள்களைவிட நேரத்தையே நான் முக்கியமாகக் கருதுகிறேன். பிரிட்டிஷ் அஞ்சல் துறை அலுவலராக இருந்துகொண்டே நாவல்கள் எழுதிய ஆந்தனி ட்ரோலோப் காலை 5.30 மணிக்கே மேசைமுன் இருப்பார். அதற்கு முன்பே காப்பியுடன் தம்மை எழுப்புவதற்காகவே பணியாளருக்கு ஆண்டுக்கு 5 பவுண்டு கூடுதலாகக் கொடுத்தார். முதல் அரைமணி முந்தைய நாள் எழுதியதைப் படிப்பார். பிறகு கடிகாரத்தை முன்னால் வைத்துக்கொண்டு கால்மணிக்கு 250 சொற்கள் எழுதுவார். நாள் முழுதும் உழைத்துக் களைத்த பிறகு எஞ்சும் நேரத்தை வரைவதற்கு ஒதுக்குகிறீர்கள் என்பதுதான் எனக்கு உறுத்துகிறது. அலுவலகம் கிளம்புவதற்கு முன் அரைமணி நேரமாவது உங்களால் ஒதுக்க முடியுமா?