தூக்க மாத்திரை கேஸ், இரண்டாவது வருகை: எந்த நோய்க் கோட் (code) போடுவது?

அளவு மீறித் தூக்க மாத்திரை விழுங்கியவர் திரும்ப ஆஸ்பத்திரிக்கு வந்தால் பதிவில் எந்த ஐ.சி.டி.-10 நோய்க் குறியீடு போடுவது? நான்கு பேர் பதில்.

பதுளைப் பக்கம், ரெக்கோர்ட் ரூம்

டிக்கெட்டில், அதாவது வார்டுக் குறிப்பில், ‘ஓ.டி. செடேட்டிவ்ஸ், டி.எஸ்.எச்.’ (தூக்க மருந்து ஓவர்டோஸ், வேண்டுமென்றே தனக்குத் தீங்கு) என்று ஒரே ஒரு வரி. டயக்னோசிஸ் கார்டிலும் அதே வரிதான். இரண்டு கிழமை கழித்து அதே ஆள் மனநல வார்டில் அட்மிட் ஆனால், பழைய கோட் எண்ணை அப்படியே இறக்கிவிடுவது வழக்கமான பிழை.

முதல் அட்மிஷனுக்கு நமது ஐ.எம்.எம்.ஆரில் (உள்நோயாளர் நோய், இறப்பு அறிக்கை) இரண்டு கோட் வேண்டும். நஞ்சுக்கு ரி42 (T42), நோக்கத்துக்கு எக்ஸ்61 (X61). எக்ஸ்61-ஐ விட்டால், தவறுதலாக விழுங்கியதா, வேண்டுமென்றே விழுங்கியதா என்பது பதிவில் இருக்காது. திரும்ப வரும்போது நஞ்சு உடம்பில் இல்லை. வந்தது மனச்சோர்வுக்கு என்றால் எஃப்32 முதலில், கூடவே இசட்91.5 (முன்பு தனக்குத் தீங்கு செய்தவர்). அங்கே ரி42 போட்டால் ஒரே சம்பவம் இரண்டாகக் கணக்கில் ஏறும். டிவிஷனல் ஆஸ்பத்திரியிலிருந்து மாற்றி அனுப்பியவர் வேறு கதை. சிகிச்சை தொடர்கிறது, ஆகவே ரி42-உம் எக்ஸ்61-உம் அங்கேயும் சரி. ஆனால் டிரான்ஸ்ஃபர் என்று குறித்திருக்க வேண்டும்.

இன்னொன்று: முன்பக்கம் ‘ஓ.டி.’ என்றால் ஓவர்டோஸ், மருந்துப் பக்கத்தில் ‘ஓ.டி.’ என்றால் ஒரு நாளைக்கு ஒரு தடவை. புதுப் பிள்ளைகள் இதில்தான் விழுகிறார்கள்.

ஹட்டன் பக்கம், நர்சிங்

அண்ணே சொன்ன ‘செடேட்டிவ்ஸ்’ என்ற சொல்லிலேயே பாதிச் சிக்கல் இருக்கிறது. தோட்டத்து வீடுகளில் மாத்திரை பெரும்பாலும் கடதாசிக் கவரில்தான் இருக்கும். கவரில் காலை, பகல், இரவு என்று கோடு மட்டும், பெயர் இருக்காது. அப்படி வந்தால் ரி42.7, பெயர் தெரியாதது. ஆனால் அதோடு விட வேண்டாம். மாத்திரை யாருடையதோ அவருடைய கிளினிக் கொப்பியைக் கொண்டுவரச் சொன்னால், பாட்டியின் கொப்பியிலேயே பெயர் கிடைத்துவிடும்.

டயசெபாம், குளோனசெபாம், அல்பிரசோலம் என்றால் ரி42.4. பினோபார்பிட்டோன் ரி42.3. அமிட்ரிப்டிலின் தூக்கம் வரவழைத்தாலும் அது மனச்சோர்வு மருந்து, ரி43.0. பிரிட்டோன் (ஒவ்வாமை மாத்திரை) ரி45.0, அதற்கு நோக்கக் கோடும் எக்ஸ்61 இல்லை, எக்ஸ்64. ‘தூங்க வைக்கிறது, ஆகவே தூக்க மாத்திரை’ என்று கோட் போட்டால் நஞ்சுக் கோட் பிழையாகும், பிரிட்டோனில் நோக்கக் கோடும் பிழையாகும்.

கூடவே கசிப்பு (கள்ளச் சாராயம்) குடித்திருந்தால் அதற்குத் தனியாக ரி51.

எக்ஸ்61-க்குப் பின்னால் வரும் இலக்கம் சம்பவம் நடந்த இடம். லயத்தில் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளில்) நடந்ததை எக்ஸ்61.7 என்று போடுகிறவர்கள் உண்டு, தோட்டம் என்பதால். லயக் காம்பரா வீடு. எக்ஸ்61.0. தேயிலை மலையில் நடந்தால்தான் 7.

கண்டி, அமெரிக்கக் கணக்குப் பார்க்கும் கோடர்

எங்கள் வேலை வேறு புத்தகம். அமெரிக்கப் பதிப்பில் (ஐ.சி.டி.-10-சி.எம்.) நோக்கம் ரி கோடுக்குள்ளேயே இருக்கிறது, எக்ஸ்61 தேவையில்லை. ரி42.72எக்ஸ்டி (T42.72XD) என்பதைப் பிரித்துப் பாருங்கள்: 42.7 பெயர் தெரியாத வலிப்பு அல்லது தூக்க மருந்து, அடுத்த 2 வேண்டுமென்றே, எக்ஸ் வெறும் இடநிரப்பி, கடைசி டி தொடர் வருகை. (ரி-யும் டி-யும் வேறு எழுத்து, ஃபோனில் சொல்லும்போது இரண்டு தடவை சொல்லுங்கள்.) ஆனால் டயசெபாம் என்றால் ரி42.4எக்ஸ்2டி (T42.4X2D). எக்ஸ் இடம் மாறுகிறது! 42.7-இல் நோக்கம் ஐந்தாவது எழுத்து, 42.4-இல் ஆறாவது. மனப்பாடமாக அடிக்கிறவர்கள் ரி42.42எக்ஸ்டி என்று எழுத, சிஸ்டம் திருப்பி அனுப்பும்.

டி என்றால் ‘இரண்டாவது தடவை வந்தார்’ என்று படிக்கக்கூடாது. நஞ்சுக்குச் செயலூக்கச் சிகிச்சை நடக்கும்வரை ஏ. மூன்று ஆஸ்பத்திரி மாறினாலும் ஏ-தான். குணமாகும் கட்டத்துப் பரிசோதனைக்கு டி. மூளைக்கு ஆக்சிஜன் போகாமல் நிரந்தரப் பாதிப்பு நின்றுவிட்டால் எஸ். அப்போது பாதிப்பின் கோட் முதலில், எஸ் கோட் பிறகு. ஏ-யிலும் டி-யிலும் நேர்மாறு, நஞ்சுக் கோட்தான் முதலில். எல்லாம் முடிந்து வெறும் பழைய சம்பவமாக எழுதியிருந்தால் இசட்91.51. அந்தக் கோட் 2021 ஒக்டோபர் 1 முதல் இருக்கிறது.

நோக்கம் எழுதப்படவில்லையென்றால் அங்கே விதி தவறுதல் என்று எடுக்கச் சொல்கிறது. ‘நிர்ணயிக்க முடியவில்லை’ என்று டாக்டர் எழுதினால் மட்டும் நோக்க இடத்தில் 4. இதை விதியென்று விடாமல் டாக்டரிடம் கேள்வி அனுப்புவதே நல்லது. ‘வேண்டுமென்றா?’ என்று கேட்கக்கூடாது, அது பதிலை வாயில் திணிப்பது. ‘நோக்கத்தைக் குறிப்பிடவும்’ என்று மட்டும் கேளுங்கள்.

நுவரெலியா, மனநலப் பிரிவு

டிக்கெட்டில் நோக்கம் ஏன் விடுபடுகிறது என்றால், பாதிப் பேருக்கு இன்னும் பொலிஸ் பயம். குடும்பத்தார் ‘தெரியாமல் குடித்துவிட்டா’ என்கிறார்கள், எழுதுபவரும் அதையே எழுதிவிடுகிறார். தற்கொலை முயற்சி இலங்கையில் 1998-இலிருந்து குற்றமில்லை. ஆளைத் தனியாக வைத்துத் தமிழில் பேசினால் அடுத்த நாள் வேறு பதில் வரும். அந்தப் பதிலைத் திகதி போட்டுப் புதிய வரியாக எழுதுங்கள், பழையதை வெட்ட வேண்டாம். கோட் போடுகிறவர் பிந்திய வரியைப் பார்ப்பார்.

கார்டில் மருந்துப் பெயர், நோக்கம், அடுத்த கிளினிக் திகதி மூன்றும் இருக்கட்டும். கீழே 1926, மனநல உதவி இலக்கம். தூக்க மாத்திரை தொடர வேண்டுமென்றால் ஒரு கிழமைக்கு மேல் கையில் கொடுக்காதீர்கள், வீட்டில் வேறொருவர் வைத்துக் கொடுக்கச் சொல்லுங்கள்.